டேப் தொடங்கிய இடம்: 33 அடி நிலமும் ஒரு தடையாணை மனுவும்

கொங்குப் பகுதியில் ஒரு தாலுகா ஊரில் உள்ள மாவட்ட உரிமையியல் நீதிமன்றத்தில் நடந்த வழக்கு இது. வாதி தரப்பில் ஆஜரானவன் நான். இரு தரப்பையும் அடையாளம் காட்டும் விவரங்களை விட்டுவிட்டேன். அளவுகளையும் ஆவணங்களின் தன்மையையும் நடந்த வரிசையையும் மாற்றவில்லை. இடைக்கால மனுவில் ஆவணங்களை எப்படிப் பார்க்க வேண்டும் என்று இளம் வழக்கறிஞர்கள் கேட்கும்போதெல்லாம் நான் சொல்வது இந்த வழக்கைத்தான். நாங்கள் செய்த தவறுகளும் இதில் உண்டு.

பின்னணி

மொத்தம் 40 சென்ட் புஞ்சை. கிழக்கு மேற்காக 66 அடி, தெற்கு வடக்காக 264 அடி. கிழக்கே முழு நீளத்துக்கும் இட்டேரி என்னும் வண்டிப்பாதை போகிறது. நிலத்துக்கு உடையவர் 1991-இல் தென்புறம் 18 சென்ட்டை என் கட்சிக்காரரின் கணவருக்குக் கிரயம் செய்து கொடுத்தார். மீதியை அவரே வைத்திருந்தார். சில ஆண்டுகள் கழித்து ஊருக்குத் தார்ச்சாலை வந்தபோது, வடக்கு ஓரத்தை வாய்மொழியாகச் சாலைக்கு விட்டுக்கொடுத்தார். தானப் பத்திரமும் இல்லை, உட்பிரிவும் இல்லை. புலப்படத்தில், அதாவது அரசின் நில அளவை வரைபடத்தில், அந்த இடம் இன்றுவரை பட்டா நிலம்தான்.

வாங்கியவரும் விற்றவரும் இறந்துவிட்டார்கள். விற்றவரின் வாரிசுகள் 40-இல் 18-ஐக் கழித்து, மீதி 22 சென்ட் என்று வேறொருவருக்கு விற்றார்கள். அவர்தான் பிரதிவாதி. பட்டாவைத் தன் பெயருக்கு மாற்றிப் புது உட்பிரிவு எண்ணும் வாங்கிவிட்டார். எங்கள் பக்கமோ இறந்துபோன கணவரின் பெயரிலேயே கிடந்தது.

ஒரு வெள்ளிக்கிழமை மாலை ஜே.சி.பி. வந்தது. இரண்டு நிலத்துக்கும் நடுவில் இருந்த கிளுவை வேலியைப் பிடுங்கி, அதற்குத் தெற்கே 33 அடி அகலத்துக்கு மண்ணைச் சமன்படுத்தினார்கள். இப்படிப்பட்ட வேலைகள் வெள்ளிக்கிழமை மாலையில் நடப்பது தற்செயல் அல்ல. அடுத்த இரண்டு நாள் கோர்ட் கிடையாது.

முதல் நாள் கையில் இருந்தவை

திங்கள் காலை அந்த அம்மா மகனோடு வந்தார். மஞ்சள் பையில் 1991 கிரயப் பத்திரத்தின் அசல், கணவர் பெயரில் பழைய பட்டா நகல், 2000-க்குப் பிறகான வில்லங்கச் சான்று, வாரிசுச் சான்று இருந்தன. பேரனின் கைபேசியில் வேலி இருந்த காலத்துப் படங்கள் சில.

உரிமைக்குப் பத்திரம் இருந்தது. ஆனால் தடையாணை மனுவில் நீதிமன்றம் முதலில் கேட்பது வழக்குத் தாக்கலான நாளில் அனுபவம் யாரிடம், அதாவது நிலம் யார் கைவசம், என்பதைத்தான். அதற்கான தாள் எங்களிடம் குறைவு. கிணற்று மோட்டாருக்கு மின் இணைப்பு உண்டே, ரசீது எங்கே என்று கேட்டேன். கேட்டபிறகுதான் உறைத்தது: விவசாய இணைப்புக்குக் கட்டணம் இல்லை, ரசீது எங்கிருந்து வரும்? மின்வாரிய அலுவலகத்தில் மனு கொடுத்து, இணைப்பு யார் பெயரில், எந்த ஆண்டு முதல் என்று கடிதம் வாங்கினோம். கிராமத்தின் சாகுபடிக் கணக்கான அடங்கலின் நகலும் எடுத்தோம். கூட்டுப் பட்டாவாக இருந்த காலத்து அடங்கலில் 40 சென்ட்டுக்கும் சேர்த்து ஒரே வரியில் சோளம் என்று இருந்தது. யார் எந்தப் பக்கம் விதைத்தார்கள் என்று அது சொல்லாது.

கைபேசிப் படங்களுக்கு அப்போது சாட்சியச் சட்டம் 65பி பிரிவின் கீழ் மின்னணு ஆவணத்துக்கான சான்று போட்டோம். 2024 ஜூலை 1 முதல் பாரதிய சாக்ஷ்ய சட்டத்தின் 63-வது பிரிவு வந்துவிட்டது. அதில் சான்று இரண்டு பகுதி. கருவியை வைத்திருப்பவர் ஒன்றில் கையெழுத்திட வேண்டும், வல்லுநர் ஒருவர் மற்றதில். தாலுகா ஊரில் அந்த வல்லுநரைத் தேடுவதே தனி வேலை.

கிளம்பும்போது, “போலீசுக்குப் போனீங்களா, ஊரில் பேச்சு ஏதாவது நடந்ததா?” என்று கேட்டேன். அம்மா மகனைப் பார்த்தார். “ஒண்ணும் இல்லீங்க” என்றார் மகன். நானும் அத்தோடு விட்டுவிட்டேன்.

என்ன வழக்குப் போடுவது

நிலம் எங்களுடையது என்று நீதிமன்றம் அறிவிக்கும் உரிமை விளம்புகையும் சேர்த்துக் கேட்பதா, வெறும் நிரந்தர உறுத்துக்கட்டளை (நிரந்தரத் தடை) மட்டும் போதுமா என்று யோசித்தோம். அனதுல சுதாகர் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2008-இல் இதைத் தெளிவாக்கியிருக்கிறது. வாதியின் உரிமையின் மேல் உண்மையான கருமேகம் இருந்தால் விளம்புகை கேட்டாக வேண்டும். அனுபவத்தில் வெறும் இடையூறுதான் என்றால் உறுத்துக்கட்டளை வழக்கு மட்டும் போதும். அன்றைய நிலையில் எங்கள் 18 சென்ட்டை யாரும் மறுத்திருக்கவில்லை. எனவே உறுத்துக்கட்டளை மட்டும் கேட்டோம். இறந்தவருக்கு மனைவி, மகன், மகள் என மூன்று வாரிசுகள். மகள் வெளியூரில் இருக்கிறார், பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்றார்கள். நான் ஒப்பவில்லை, மூவரையும் வாதிகளாகச் சேர்த்தேன். அன்று எடுத்த முடிவுகளில் இது சரியானது.

புதன்கிழமை பிராதுடன் (வழக்குரை) உரிமையியல் நடைமுறைச் சட்டம் கட்டளை 39, விதி 1, 2-இன் கீழ் இடைக்கால மனு தாக்கலானது. தங்களைக் கேட்காமல் உத்தரவு போடக் கூடாது என்று முன்கூட்டியே கோரும் கேவியட் மனுவை எதிர்த்தரப்பு போட்டிருக்கவில்லை. வியாழக்கிழமை படங்களைப் பார்த்த நீதிபதி, அறிவிப்புக் கொடுத்துக் காத்திருந்தால் நிலத்தின் தோற்றமே மாறிவிடும் என்று காரணம் எழுதி, இரண்டு வாரத்துக்கு ஒருதலைப்பட்சத் தடையாணை கொடுத்தார்.

விதி 3-இன்படி மனு, பிரமாண வாக்குமூலம், பிராது, ஆவணங்கள் எல்லாவற்றின் நகலையும் உடனே எதிர்த்தரப்புக்குப் பதிவுத் தபாலில் அனுப்ப வேண்டும். அனுப்பியதற்கான வாக்குமூலத்தை உத்தரவு கிடைத்த அன்றோ மறுநாளோ தாக்கல் செய்ய வேண்டும். எங்கள் அலுவலகத்தில் நகல் எடுத்துக் கட்டி வைத்தார்கள். தபாலில் சேர்த்தது திங்கட்கிழமை. சின்ன விஷயம் போலத் தோன்றும். எதிர்த்தரப்பு வழக்கறிஞர் தபால் முத்திரையைப் பெரிதாக்கி நகலெடுத்து வந்து நீட்டியபோது சின்னதாகத் தோன்றவில்லை.

மறைத்த தாள்

வாய்தா நாளில் எதிர்த்தரப்பு எதிருரையோடு, விதி 4-இன் கீழ்த் தடையாணையை நீக்கக் கோரும் மனுவும் போட்டது. இணைத்திருந்த ஆவணங்களில் மூன்றாவது, வேலி பிடுங்கியதற்கு மூன்று வாரம் முன்பு காவல் நிலையத்தில் எழுதிய ஒரு தாள். சர்வேயரை வைத்து அளந்துகொள்வது, அதுவரை இரு தரப்பும் எல்லையில் எந்த வேலையும் செய்வதில்லை என்று எழுதி, கீழே இருவரும் கையெழுத்திட்டிருந்தார்கள். ஒரு கையெழுத்து என் கட்சிக்காரருடையது.

வராண்டாவில் அவரிடம் கேட்டேன். “அளக்க ஒத்துக்கிட்டோம்னா நம்ம மேலயே சந்தேகம்னு ஆயிப்போயிருமாம், வக்கீல்கிட்டச் சொல்ல வேண்டாம்னு பையன் சொன்னானுங்க” என்றார்.

அந்தத் தாளை நான் இரண்டு தடவை படித்தேன். அதில் எங்களுக்கு எதிராக ஒரு சொல்லும் இல்லை. எல்லையைத் தொடமாட்டேன் என்று எழுதிக்கொடுத்துவிட்டு ஜே.சி.பி. கொண்டுவந்தவர் பிரதிவாதி. முதல் நாளே அதைத் தாக்கல் செய்திருந்தால் எங்களுக்கு அதைவிட வலுவான ஆவணம் வேறு இல்லை. எதிரி கையால் வந்ததால் அது நாங்கள் மறைத்த ஆவணம் ஆகிவிட்டது.

விதி 4-இன் முதல் வரம்புரை கறாரானது. முக்கியமான விவரத்தில் தெரிந்தே பொய்யோ திசைதிருப்பும் கூற்றோ சொல்லி, அறிவிப்பு இல்லாமல் தடையாணை பெற்றிருந்தால், நீதிமன்றம் அதை நீக்கியாக வேண்டும். நீக்காமல் விட்டால் அதற்கு நீதிமன்றம்தான் காரணம் எழுத வேண்டும். எங்கள் வாக்குமூலத்தில் “இதற்கு முன் எந்தப் பேச்சும் நடக்கவில்லை” என்று ஒரு வரி இருந்தது. வழக்கமாகப் போடும் வரி, நான்தான் எழுதினேன். தபால் தாமதமும் சேர்ந்துகொண்டது. உத்தரவு பிறந்த 16-ஆம் நாள் தடையாணை நீங்கியது.

நான்கு நாள்

அன்றே, நீதிமன்றத்துக்காக இடத்தை நேரில் பார்த்து அறிக்கை தரும் வழக்கறிஞர் ஆணையரைக் கட்டளை 26 விதி 9-இன் கீழ் நியமிக்க மனு போட்டேன். அது விசாரணைக்கு எடுக்கப்பட்டு, அறிக்கை வரும்வரை இரு தரப்பும் தற்போதைய நிலையை மாற்றக் கூடாது என்ற உத்தரவு கிடைத்தது நான்காம் நாள். இடைப்பட்ட நாள்களில் பிரதிவாதி 33 அடித் துண்டின் தென்விளிம்பில் கல்தூண் நட்டு முள்கம்பி கட்டிவிட்டார். அப்போது எந்த உத்தரவும் இல்லை. நீதிமன்றத்தை மீறினார் என்று சொல்ல முடியாது. தடையாணையை மீறியதற்கு நடவடிக்கை எடுக்கும் கட்டளை 39 விதி 2ஏ இதில் செல்லாது.

ஆணையர் மனுவை எழுதும்போது கவனமாக இருந்தோம். “அனுபவம் யாரிடம் என்று ஆணையர் கண்டறிந்து சொல்ல வேண்டும்” என்று கேட்டால் மனு தள்ளுபடியாகிவிடும். அது சாட்சியம் திரட்டும் வேலை, அதற்கு ஆணையரை அனுப்ப மாட்டார்கள். தாலுகா சர்வேயர் உதவியுடன் புலப்படத்தை வைத்து அளப்பது, தரையில் இருக்கும் அடையாளங்களைக் குறிப்பது, வரைபடம் தருவது என்ற மூன்றோடு நிறுத்திக்கொண்டோம்.

ஆணையர் பார்த்தது

ஆணையர் அளக்க வந்த அன்று காலை பதினொரு மணிக்கு இரு தரப்பும் வந்தாயிற்று. பிரதிவாதி தன் டேப்பைச் சாலையின் தெற்கு ஓரத்தில் வைத்து 145 அடி வரை இழுத்துக் காட்டினார். நுனி, அவர் நட்ட கல்தூணில் போய் நின்றது. 22 சென்ட்டை 66 அடி அகலத்தால் வகுத்தால் 145.2 அடிதான் வரும். கணக்குச் சரி. அந்த மனிதர் பொய் சொல்லவில்லை என்று எனக்கு அப்போதுதான் தெரிந்தது. தாளில் வாங்கிய 22 சென்ட்டைத் தரையில் தேடிக்கொண்டிருந்தார், அவ்வளவுதான்.

சர்வேயர் அதற்குப் பதில் சொல்லவில்லை. புலப்படத்தைப் பார்த்தார், சாலையைக் குறுக்கே கடந்தார், எதிர்ப்பக்கம் சாக்கடையை ஒட்டியிருந்த சீமைக்கருவேல் புதரை வெட்டச் சொன்னார். கால்வாசி வெளியே தெரிய சர்வே கல் அங்கே இருந்தது. புல எண்ணின் வடக்கு எல்லை அதுதான். சாலையும் இரு ஓரமும் சாக்கடையும் சேர்ந்து 33 அடி, அதாவது 5 சென்ட், இந்த 40 சென்ட்டுக்குள்தான் கிடந்தன. அந்தக் கல்லிலிருந்து 145.2 அடி அளந்தபோது டேப்பின் நுனி வந்து நின்ற இடத்தில் கிளுவையின் வெட்டிய கட்டைகள் வரிசையாகத் துளிர்த்திருந்தன. ஓர் அடிக்கும் குறைவான வித்தியாசம்.

ஜே.சி.பி. வேலியைத்தான் பிடுங்கியது, வேர் முழுவதும் போகவில்லை. கட்டைகளின் எண்ணிக்கை, இடைவெளி, பருமன், துளிரின் உயரம் எல்லாவற்றையும் ஆணையர் குறித்துக்கொண்டார். மோட்டார் அறைச் சுவரில் இருந்த மின் இணைப்பு எண்ணையும் எழுதிக்கொண்டார். அது மின்வாரியக் கடிதத்தில் இருந்த எண்.

எதிரியின் பத்திரத்தில் நம் எல்லை

அறிக்கை வந்த பிறகும் எதிர்த்தரப்பு ஒன்றைப் பிடித்துக்கொண்டது. எங்கள் 1991 பத்திரத்தில் இருந்தது பழைய புல எண். மூலப்பத்திரத்தைப் பார்த்து எழுதியவர், யூ.டி.ஆர். என்னும் நிலப் பதிவேடு மேம்பாட்டுத் திட்டத்தில் மாறிய எண்ணைக் கவனிக்கவில்லை. ஆகவே வாதியின் நிலம் இங்கே இல்லை, வேறெங்கோ இருக்கிறது என்று எதிருரையைத் திருத்தினார்கள். உரிமைமேல் மேகம் இப்போது வந்துவிட்டது. கட்டளை 6 விதி 17-இன் கீழ்ப் பிராதைத் திருத்தி, விளம்புகைப் பரிகாரத்தையும் சேர்த்து, கூடுதல் நீதிமன்றக் கட்டணம் கட்டினோம்.

அந்த வாரம் எதிர்த்தரப்பின் கிரயப் பத்திரத்தைச் சொத்து விவரம் வரை மறுபடி படித்தேன். முதல் தடவை அதைப் படித்து எனக்குக் குறிப்பு எழுதித் தந்தவர் என் ஜூனியர். அவர் குறிப்பில் “வடக்கு: வாதியின் கணவர் பூமி” என்று இருந்தது. வடக்கே சாலையல்லவா இருக்கிறது, பத்திரம் எழுதியவரின் பிழை என்று நானும் கடந்துபோயிருந்தேன். பத்திரத்தில் உண்மையில் இருந்தது “இன்னார் பூமிக்கு வடக்கு, தார் ரோட்டுக்குத் தெற்கு, இட்டேரிக்கு மேற்கு” என்பது. செக்குபந்தி, அதாவது நான்கெல்லை, எழுதும் பழைய முறை இது. “இன்னார் பூமிக்கு வடக்கு” என்றால், விற்கப்படும் நிலம் அவர் பூமிக்கு வடக்கே இருக்கிறது. அதாவது, இன்னார் பூமி தெற்கெல்லை. புதிதாகப் பத்திரம் படிப்பவர்கள் பாதிப்பேர் இதைத் தலைகீழாகத்தான் எடுத்துக்கொள்கிறார்கள்.

அந்த “இன்னார்” என் கட்சிக்காரரின் கணவர். பிரதிவாதி வாங்கிய பத்திரமே, தன் நிலத்துக்குத் தெற்கே அவருடைய நிலம் இருக்கிறது என்றும், வடக்கே சாலை ஏற்கெனவே இருக்கிறது என்றும் ஒப்புக்கொள்கிறது. நிலம் வேறெங்கோ இருக்கிறது என்ற வாதம் அத்தோடு முடிந்தது. நான்கெல்லை தெளிவாக இருக்கும்போது பரப்பளவு அதற்கு அடங்கும் என்பது பழைய விதி. சாலைக்கும் எங்கள் வேலிக்கும் நடுவே 112 அடிதான் கிடந்தது. அது 17 சென்ட்.

புது உட்பிரிவுப் பட்டாவையும் அவர்கள் பெரிதாக நம்பியிருந்தார்கள். பட்டா மட்டும் உரிமையைத் தராது என்று நாங்கள் வாதிட்டிருக்கலாம். அது தேவைப்படவில்லை. உட்பிரிவு வரைபடமும் வடக்கே அந்தக் கல்லிலிருந்துதான் தொடங்கியிருந்தது. பட்டாவின்படியே பார்த்தாலும் அவருடைய தெற்கெல்லை எங்கள் வேலிதான்.

உத்தரவு

வழக்குப் போட்ட ஐந்தாவது மாதம் இடைக்கால மனுவில் உத்தரவு வந்தது. மனுவை 30 நாளுக்குள் முடிக்க வேண்டும் என்று கட்டளை 39 விதி 3ஏ சொல்வது, ஒருதலைப்பட்சத் தடை நடப்பில் இருக்கும் மனுவுக்கு. எங்கள் தடைதான் நீங்கிவிட்டதே.

முதல் தோற்றத்தில் வழக்கு இருக்கிறதா என்பதற்கு இரண்டு பத்திரங்களின் எல்லையையும், யாருக்குச் சிரமம் அதிகம் என்று பார்க்கும் வசதிச் சமநிலைக்கு மோட்டார் அறை இருக்கும் இடத்தையும், ஈடுசெய்ய முடியாத இழப்புக்குக் கட்டடம் எழும்பும் அபாயத்தையும் நீதிமன்றம் எடுத்துக்கொண்டது. கல்தூண் நட்டதால் அனுபவம் பிரதிவாதிக்கு வந்துவிட்டது என்ற வாதம் எடுபடவில்லை. அங்கொன்றும் இங்கொன்றுமாக நுழைவது நிலைபெற்ற அனுபவம் ஆகாது என்று உச்ச நீதிமன்றத்தின் ராமே கவுடா வழக்கில் 2003-லேயே வந்திருக்கிறது. ஆணையர் வரைபடத்தில் குறித்த 18 சென்ட் முழுவதற்கும் வழக்கு முடியும்வரை தடையாணை கிடைத்தது.

தூணை அகற்றச் சொல்லும் கட்டளையையும் கேட்டிருந்தோம். இடைக்கால நிலையில் அப்படி ஆணையிட, வழக்கமான முதல்தோற்ற வழக்கைவிட வலுவான நிலை வேண்டும் என்று சொல்லி நீதிபதி மறுத்துவிட்டார். தூண்கள் எந்த உத்தரவும் இல்லாத நாள்களில் நட்டவை என்பதையும் குறிப்பிட்டார். கட்டளை 43 விதி 1(ஆர்)-இன் கீழ் அதை எதிர்த்து மேல்முறையீடு போகலாமா என்று மகன் கேட்டார். வேண்டாம் என்றேன். கையில் இருக்கும் உத்தரவை மேல்கோர்ட்டில் மறுபடி திறந்துவைப்பதில் எனக்கு விருப்பம் இல்லை. பிரதிவாதிதான் மேல்முறையீடு போனார். அது தள்ளுபடியானது.

பிறகு

சாட்சி விசாரணை தொடங்கும் முன் வழக்கு மக்கள் நீதிமன்றத்துக்குப் போனது. வரைபடத்தைப் பார்த்த பிறகு பிரதிவாதிக்கு எங்கள்மீது கோபம் இல்லை, தனக்கு விற்றவர்கள்மீதுதான் கோபம். அவர்களும் வந்து உட்கார்ந்தார்கள். சாலையில் போன 5 சென்ட்டுக்கான கிரயத்தொகையைத் தவணையில் திருப்பித் தர ஒப்புக்கொண்டார்கள். பிரதிவாதி தன் செலவில் தூணை எடுப்பது, நாங்கள் நட்டஈடு கேட்பதில்லை, ஆணையர் வரைபடம் தீர்ப்பின் பகுதி என்று எழுதி முடித்தார்கள். மக்கள் நீதிமன்றத் தீர்வுக்கு மேல்முறையீடு இல்லை. தாக்கலிலிருந்து இதுவரை 2 ஆண்டு 4 மாதம்.

காவல் நிலையத்தில் எழுதிய அந்தத் தாளின்படி ஒரு சர்வேயர் ஒரு காலைப்பொழுது வந்திருந்தால் இதே கல் கிடைத்திருக்கும்.

இப்போது வேறு மாதிரி செய்பவை

கட்சிக்காரரை மகனோ மருமகனோ இல்லாமல் பத்து நிமிடம் தனியாக உட்கார வைத்துக் கேட்கிறேன். “ஏதாவது கையெழுத்துப் போட்டீர்களா” என்பதுதான் கேள்வி. “பேச்சு நடந்ததா” என்று கேட்டால் இல்லை என்பார்கள். கையெழுத்து என்றால் நினைவு வரும். முந்தைய பேச்சைப் பற்றிய அந்த வழக்கமான வரியை எங்கள் வாக்குமூல மாதிரியிலிருந்தே எடுத்தாயிற்று. நடந்தது தெரிந்தால்தான் எழுதுகிறோம்.

பிராது தாக்கலாகும் நாளிலேயே ஆணையர் மனுவும் சேர்ந்து போகிறது. அன்று அப்படிச் செய்திருந்தால் அந்த நான்கு நாள் இடைவெளியும் கல்தூணும் இருந்திருக்காது. வில்லங்கச் சான்று மூலப்பத்திரக் காலம்வரை எடுக்கிறோம், பதிவாகாதது எதுவும் அதில் வராது என்பதையும் நினைவில் வைத்துத்தான். பக்கத்து நிலங்களின் பத்திர நகல்களையும் சார்பதிவகத்தில் போட்டு வாங்குகிறோம். எதிரி தாக்கல் செய்யும்வரை காத்திருப்பதில்லை. செக்குபந்தியைப் படிக்கும் ஜூனியர் திசையைச் சொல்லக் கூடாது, படம் போட்டுக் காட்ட வேண்டும். பதிவுத் தபால் ரசீது கோப்பின் முதல் பக்கத்தில் குத்தியிருந்தால்தான் குமாஸ்தா அன்று வீட்டுக்குப் போகலாம்.

பட்டா இப்போது மூன்று வாரிசுகளின் பெயரிலும் மாறிவிட்டது. தூண் எடுத்த இடத்தில் அந்த அம்மா கிளுவைப் போத்து நட்டிருக்கிறார். சாலை போன 5 சென்ட்டைப் புலப்படத்தில் சாலை என்று மாற்றக் கோரும் மனு தாலுகா அலுவலகத்தில் இருக்கிறது. இதை எழுதும்வரை உத்தரவு வரவில்லை.